கோல்ஃப் வண்டிக்குப் புது பேட்டரி: ஈயமா, ஏ.ஜி.எம்-மா, லித்தியமா?

கோல்ஃப் வண்டியின் பேட்டரி ஓய்ந்துவிட்டது என்று தெரிந்ததும் எல்லோரும் முதலில் கேட்பது, எந்த கம்பெனி வாங்கலாம் என்பதைத்தான். அதைக் கடைசியில் கேட்டால் போதும். வண்டி ஒரு நாளில் எவ்வளவு ஓடுகிறது? ஓடி வந்ததும் அன்றைக்கே சார்ஜ் போட ஆள் இருக்கிறதா? மாதம் ஒருமுறை மூடிகளைத் திறந்து தண்ணீர் பார்ப்பது யார்? வாரக்கணக்கில் சும்மா நிற்குமா? ஏற்றம் உண்டா? இவற்றுக்கு நேர்மையாகப் பதில் சொல்லிவிட்டால், எந்த வகை என்பது பெரும்பாலும் அங்கேயே முடிவாகிவிடும். ஒரே பேட்டரி ஒருவரிடம் ஆறு வருடம் உழைக்கிறது, இன்னொருவரிடம் இரண்டே வருடத்தில் சாகிறது. சார்ஜ் போடும் பழக்கம்தான் இந்த வித்தியாசத்துக்கு முக்கியமான காரணம்.

போனது பேட்டரிதானா?

புதுசு வாங்குமுன் இதை உறுதி செய்துகொள்ள வேண்டும். வண்டி மெதுவாகப் போகிறது, தூரம் குறைந்துவிட்டது என்பதற்குத் துருப்பிடித்த கேபிள், தளர்ந்த டெர்மினல், பாதியில் நின்றுவிடும் சார்ஜர் என்று வேறு காரணங்களும் இருக்கலாம். பிரேக் ஒட்டிக்கொண்டு இழுத்தால்கூட இதே அறிகுறிதான் தெரியும்.

முழுதாக சார்ஜ் செய்துவிட்டு, சில மணி நேரம் அப்படியே விட்டு, ஒவ்வொரு பேட்டரியையும் மல்டிமீட்டரால் தனித்தனியாக அளந்து பாருங்கள். தண்ணீர் ஊற்றும் வகையில் 6 வோல்ட் பேட்டரி சுமார் 6.37, 8 வோல்ட் சுமார் 8.49, 12 வோல்ட் சுமார் 12.73 காட்டினால் அது நிறைந்திருக்கிறது. 6 வோல்ட் பேட்டரி 6.05 காட்டினால் பாதிதான் இருக்கிறது. எல்லாமே ஒரே அளவில் குறைவாக இருந்தால் முதலில் சார்ஜரைச் சந்தேகப்பட வேண்டும். ஒன்று மட்டும் விலகி நின்றால் அந்தப் பேட்டரியில்தான் கோளாறு.

ஆனால் நிற்கும்போது நன்றாகக் காட்டுகிற பேட்டரிகூடச் சுமையில் சரிந்துவிடலாம். மீட்டரை இணைத்துக்கொண்டு ஓர் ஏற்றத்தில் ஓட்டிப் பார்த்தால், மற்றவற்றைவிட ஒரு வோல்ட்டுக்கும் மேல் கீழே விழுவது எது என்று தெரிந்துவிடும். இன்னும் உறுதியாகத் தெரிய வேண்டுமானால் ஹைட்ரோமீட்டர் போதும். பேட்டரியின் ஒவ்வொரு மூடிக்குக் கீழும் உள்ள தனி அறைதான் செல். நிறைந்த செல்லில் அமிலத்தின் அடர்த்தி 1.277 அளவில் இருக்கும். செல்லுக்குச் செல் 0.050-க்கு மேல் வித்தியாசம் வந்தால் குறைவாகக் காட்டும் செல் கெட்டுவிட்டது.

சரி, ஒன்றுதான் கெட்டிருக்கிறது, அதை மட்டும் மாற்றலாமா? தொகுப்பு வாங்கிச் சில மாதங்களே ஆகியிருந்தால் மாற்றலாம். இரண்டு மூன்று வருடம் ஓடிய தொகுப்பில் ஒரு புதுசைச் செருகுவது காசை வீணாக்குவதுதான். தொடரிணைப்பில் எல்லா பேட்டரி வழியாகவும் ஒரே மின்னோட்டம் ஓடுகிறது. பழையவை சீக்கிரம் காலியாகி எதிர்த்திசையில் தள்ளப்படும். சார்ஜ் ஏறும்போது புதுசும் பழசும் வெவ்வேறு வேகத்தில் நிறையும். ஒரு வருடத்துக்குள் புதுசும் பழசைப் போல ஆகிவிடும். எல்லாவற்றையும் சேர்த்து மாற்றுங்கள், ஒரே மாடலாக, ஒரே தயாரிப்பு மாதமாக.

6, 8, 12: எதில் அதிக தூரம்?

உங்கள் வண்டி எத்தனை வோல்ட் என்று தெரியாவிட்டால் ஒரு பேட்டரியின் மேல் உள்ள தண்ணீர் மூடிகளை எண்ணுங்கள். மூன்று இருந்தால் 6 வோல்ட், நான்கு இருந்தால் 8, ஆறு இருந்தால் 12. அதைப் பேட்டரி எண்ணிக்கையால் பெருக்கினால் வண்டியின் வோல்டேஜ் வந்துவிடும். ஆறு 6 வோல்ட் என்றால் 36. ஆறு 8 வோல்ட், நான்கு 12 வோல்ட், எட்டு 6 வோல்ட் எல்லாமே 48. இந்த மொத்த வோல்டேஜை இஷ்டத்துக்கு மாற்றக் கூடாது. கன்ட்ரோலர் (மோட்டாருக்குப் போகும் மின்னோட்டத்தைக் கட்டுப்படுத்தும் பெட்டி), சொலினாய்டு (அந்த மின்சாரத்தை இணைத்துத் துண்டிக்கும் சுவிட்ச்), சார்ஜர் மூன்றும் அதற்கென்றே செய்யப்பட்டவை.

48 வோல்ட் வண்டி 36 வோல்ட் வண்டியைவிட அதிக தூரம் ஓடும் என்று பலரும் நம்புகிறார்கள். தயாரிப்பாளர்கள் தரும் எண்களைப் பார்த்தால் அது உண்மையில்லை என்று தெரியும். 6 வோல்ட் பேட்டரிகளை 75 ஆம்பியர் சுமையில் எத்தனை நிமிடம் தாக்குப்பிடிக்கிறது என்று சோதிக்கிறார்கள். 8 வோல்ட் பேட்டரிகளை 56 ஆம்பியரில் சோதிக்கிறார்கள். ஏன் இந்த இரண்டு எண்கள்? 36 வோல்ட்டை 75-ஆல் பெருக்கினால் 2,700 வாட். 48 வோல்ட்டை 56-ஆல் பெருக்கினால் ஏறக்குறைய அதே 2,700 வாட். அதாவது இரண்டும் ஒரே அளவு வேலையைக் குறிக்கும் சோதனைகள். பரவலாகப் பயன்படும் ட்ரோஜன் டி-105 என்ற 6 வோல்ட் பேட்டரி 75 ஆம்பியரில் 115 நிமிடம் தருகிறது. அதே கம்பெனியின் 8 வோல்ட் டி-875, 56 ஆம்பியரில் 117 நிமிடம் தருகிறது. ஆறு பேட்டரி அங்கே, ஆறு பேட்டரி இங்கே, நேரம் ஒன்றுதான். ஒரு டி-105 சுமார் 28 கிலோ, டி-875 சுமார் 29 கிலோ. எடையும் கிட்டத்தட்ட சமம்.

ஈய பேட்டரியில் தூரத்தைத் தீர்மானிப்பது வண்டிக்குள் இருக்கும் ஈயத்தின் எடை. இதை மனதில் வைத்துக்கொண்டால் மற்ற ஒப்பீடுகள் எளிதாகிவிடும். நான்கு 12 வோல்ட் பேட்டரி போட்ட வண்டியில் மொத்த ஈயம் குறைவு. எண்ணிக்கை குறைவதால் கேபிள் குறையும், வாங்கும் செலவும் குறையும். அதற்கு விலையாகத் தூரமும் ஆயுளும் குறையும். சமதளத்தில் குறைந்த தூரம் ஓடும் வண்டிக்கு நான்கு 12 வோல்ட் சரிதான். ஏற்றம் நிறைய உள்ள இடத்தில் நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். இடம் மட்டும் கிடைத்தால் எட்டு 6 வோல்ட் போட்ட 48 வோல்ட் வண்டிதான் ஈய வகையில் எல்லாவற்றிலும் தாராளமானது. ஆறு டி-875 காகிதத்தில் 8.2 கிலோவாட்-மணி, எட்டு டி-105 என்றால் 10.8. ஐம்பது கிலோவுக்கு மேல் எடை கூடும் என்பதையும், பேட்டரித் தட்டு அதற்கு இடம் தருமா என்பதையும் முதலில் பார்த்துக்கொள்ள வேண்டும்.

காரில் வண்டியைக் கிளப்பப் பயன்படும் 12 வோல்ட் பேட்டரியை வாங்கிப் போடலாமா என்ற கேள்வியும் வருவதுண்டு. வேண்டாம். அதன் தகடுகள் மெல்லியவை, சில நொடி பெரிய மின்னோட்டம் தருவதற்காகச் செய்தவை. ஆழமாக இறக்கி ஏற்றினால் சில மாதங்களில் ஓய்ந்துவிடும். தடித்த தகடுள்ள டீப் சைக்கிள் வகைதான் கோல்ஃப் வண்டிக்கு உரியது.

ஆம்பியர்-மணி என்ற எண்ணை எப்படிப் படிப்பது

பெட்டியின் மேல் கொட்டை எழுத்தில் அச்சிட்டிருக்கும் ஆம்பியர்-மணி எண்தான் (எத்தனை ஆம்பியர், எத்தனை மணி நேரம் என்பதன் பெருக்கல்) விற்பனையில் பேசப்படும். டி-105-க்கு அது 225. ஆனால் அது 20 மணி நேரத்தில் நிதானமாக இறக்கும்போது கிடைக்கும் அளவு. அதே பேட்டரியை 5 மணி நேரத்தில் இறக்கினால் 185 தான் கிடைக்கும். 75 ஆம்பியரில் 115 நிமிடம் என்பதைக் கணக்குப் போட்டால் சுமார் 144. ஈய பேட்டரியிலிருந்து எவ்வளவு வேகமாக எடுக்கிறோமோ அவ்வளவு குறைவாகக் கிடைக்கும், இது அதன் இயல்பு. எனவே இரண்டு ஈய பேட்டரிகளை ஒப்பிடும்போது 20 மணி நேர எண்ணை விட்டுவிட்டு, 75 அல்லது 56 ஆம்பியரில் எத்தனை நிமிடம் என்பதைக் கேளுங்கள். அந்த எண்ணைத் தர மறுக்கும் பேட்டரியை வாங்காமல் இருப்பதே நல்லது.

லித்தியத்தோடு ஒப்பிடும்போது இந்த வித்தியாசம் இன்னும் முக்கியம். டி-875-ன் 20 மணி நேர அளவு 170 ஆம்பியர்-மணி. ஓட்டும் வேகத்தில், அதாவது 56 ஆம்பியரில் 117 நிமிடம் என்றால், உண்மையில் கிடைப்பது 109. அதுவும் முழுதாக உறிஞ்சி எடுத்தால். ஆயுளைக் காப்பாற்றப் பாதியோடு நிறுத்திக்கொள்வது நல்லது என்பதால் தினசரி கையில் இருப்பது 55 அளவுதான். லித்தியம் பேட்டரியில் 105 ஆம்பியர்-மணி என்று எழுதியிருந்தால் ஓட்டும் வேகத்திலும் ஏறக்குறைய அதே 105 கிடைக்கும். 80 சதவீதம் வரை தயக்கமில்லாமல் எடுத்தால் 84. ஆகவே 170-க்குப் பதில் 105 என்பது குறைவு என்று ஒதுக்கத் தேவையில்லை. தினம் சிறிது தூரமே ஓடும் வண்டிக்கு 60 ஆம்பியர்-மணி லித்தியம்கூடப் போதுமானதாக இருக்கும். தேவைக்கு மேல் பெரிதாக வாங்கிவிட்டு லித்தியம் விலை அதிகம் என்று ஒதுங்கிப்போகிறவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பார்க்க வேண்டும்.

தண்ணீர் ஊற்றும் ஈய பேட்டரி

காஸ்டன் பிளான்டே 1859-இல் உருவாக்கிய ஈய பேட்டரியின் அடிப்படை இன்றும் மாறவில்லை. வாங்கும் விலை குறைவு, எங்கும் கிடைக்கும், பழசைக் கொடுத்தால் மதிப்பு உண்டு, ஈயம் பெரும்பாலும் மறுசுழற்சிக்குப் போகும். ஏற்கெனவே உள்ள சார்ஜரும் சார்ஜ் அளவுக்காட்டியும் அப்படியே வேலை செய்யும். ஒழுங்காகப் பார்த்துக்கொண்டால் நான்கு முதல் ஆறு வருடம் வரும்.

ஒழுங்கு என்பதுதான் இங்கே எல்லாமே. இறங்கிய நிலையில் விட்டுவைத்தால் தகடுகளில் ஈய சல்பேட் படிகமாகக் கெட்டிப்பட்டுவிடும். அப்புறம் எவ்வளவு சார்ஜ் போட்டாலும் அந்தப் பகுதி திரும்பி வராது. கொஞ்ச தூரம்தானே ஓடினோம், நாளைக்குப் போட்டுக்கொள்ளலாம் என்று விடும் பழக்கம்தான் மிக அதிக ஈய பேட்டரிகளைக் கொல்கிறது. ஓடியது குறைவோ அதிகமோ, அன்றைக்கே முழு சார்ஜ் போட வேண்டும். அதற்கு 8 முதல் 10 மணி நேரம் ஆகும். நடுவில் பிடுங்கிப் பிடுங்கி ஓட்டினால் நிறைவு நிலை எட்டாமலே போய், சல்பேட் சேர்ந்துகொண்டே இருக்கும்.

தண்ணீரைப் பொறுத்தவரை ஒரு 48 வோல்ட் தொகுப்பில் 24 செல்கள். ஒவ்வொன்றையும் திறந்து பார்க்க வேண்டும். டிஸ்டில்ட் வாட்டர் மட்டும்தான், அமிலம் ஊற்றக் கூடாது. தகடுகள் வெளியே தெரிந்தால் அவை மூழ்கும் அளவு மட்டும் முதலில் ஊற்றி, சார்ஜ் முடிந்த பிறகு மீதியை நிரப்ப வேண்டும். முன்பே நிரப்பினால் சார்ஜ் ஏறும்போது திரவம் விரிந்து அமிலத்தோடு வழியும். அந்த அமிலம் தட்டையும் கேபிளையும் தின்றுவிடும். எல்லாச் செல்லுக்கும் ஒரே குழாயில் தண்ணீர் போகும் வசதி தனியாக விற்கிறார்கள். தண்ணீர் வகையைத் தேர்ந்தெடுத்தால் அதையும் சேர்த்து வாங்கிவிடுங்கள் என்பேன். இடுப்பை வளைத்து 24 மூடி திறப்பது சலிப்பான வேலை. சலிப்பான வேலை தள்ளிப்போகும், தள்ளிப்போனால் பேட்டரி போகும்.

இன்னும் இரண்டு விஷயங்கள். சார்ஜ் ஏறும்போது ஹைட்ரஜன் வெளிவரும். காற்றில் அது 4 சதவீதத்தை எட்டினால் தீப்பற்றும் நிலை வந்துவிடும். எனவே அடைத்த அறையில் சார்ஜ் போடக் கூடாது. வெப்பமும் எதிரிதான். சராசரி வெப்பநிலை 10 டிகிரி கூடினால் ஈய பேட்டரியின் ஆயுள் ஏறக்குறைய பாதியாகும் என்பது பொதுவான கணக்கு. வெயிலில் நிறுத்திவைக்கும் வண்டிக்கு இது பெரிய வித்தியாசம்.

ஏ.ஜி.எம், ஜெல்

இவையும் ஈய பேட்டரிகளே. ஏ.ஜி.எம்-இல் அமிலம் கண்ணாடி இழைப் பாயில் உறிஞ்சப்பட்டிருக்கும், ஜெல்லில் கூழாகக் கெட்டிப்பட்டிருக்கும். தண்ணீர் ஊற்ற வேண்டாம், அமிலம் சிந்தாது, சும்மா நின்றால் இழக்கும் சார்ஜும் குறைவு. தண்ணீர் வகை மாதத்துக்கு 5 முதல் 15 சதவீதம் வரை இழக்கும் என்றால் ஏ.ஜி.எம் 1 முதல் 3 சதவீதம்.

ஆனால் அதே எடை, அதே சல்பேட் பிரச்சினை, அதே 8 மணி நேர சார்ஜ். சார்ஜ் வோல்டேஜ் சிறிது குறைவாக இருக்க வேண்டும். தண்ணீர் வகைக்கான சார்ஜர், செல்களைச் சமன்படுத்துவதற்காகச் சில நேரம் வோல்டேஜை ஏற்றி வைக்கும். அது ஏ.ஜி.எம்-மை உலர்த்திவிடும், ஜெல்லை அதைவிட வேகமாகக் கெடுக்கும். போன ஈரத்தைத் திரும்பச் சேர்க்க வழியில்லை. விலையோ தண்ணீர் வகையைவிட நன்றாகவே அதிகம். கட்டடத்துக்குள் ஓடும் வண்டி, அமிலம் சிந்தக் கூடாத இடம், லித்தியத்தைச் சார்ஜ் செய்ய முடியாத கடுங்குளிர் ஆகிய நிலைகளில் மட்டும் ஏ.ஜி.எம்-க்கு இடம் உண்டு. பராமரிப்பு வேண்டாம் என்பதற்காக மட்டும் கூடுதல் காசு கொடுப்பதானால், இன்னும் கொஞ்சம் சேர்த்து லித்தியத்துக்கே போய்விடலாம்.

லித்தியம்: எங்கே பார்த்து வாங்க வேண்டும்

தனியாக வாங்கிப் பொருத்தும் லித்தியம் பேட்டரிகளில் பெரும்பாலானவை லித்தியம் இரும்பு பாஸ்பேட் வகை. ஜான் குட்இனஃப் குழுவினர் 1997-இல் வெளியிட்ட ஆய்விலிருந்து வளர்ந்தது இது. ஃபோன், கார்களில் வரும் சில லித்தியம் வகைகளைவிட எடை சற்றுக் கூடுதல், ஆனால் சூடேறித் தீப்பிடிக்கும் ஆபத்து குறைவு, ஆயுள் அதிகம். ஒரு செல் 3.2 வோல்ட். 48 வோல்ட் வண்டிக்குப் பெரும்பாலும் 16 செல்கள், அதாவது 51.2 வோல்ட்.

எடையில்தான் மாற்றம் உடனே தெரியும். ஆறு 8 வோல்ட் ஈய பேட்டரி 170 கிலோவைத் தாண்டும். அதே வேலைக்கான லித்தியம் ஐம்பது கிலோ அளவில் முடிந்துவிடும். இரண்டு ஆள் இறங்கிக்கொண்டது போல வண்டி லேசாகும். ஈயம் இறங்க இறங்க வண்டியின் வேகமும் குறைந்துகொண்டே வரும். லித்தியத்தில் கடைசிவரை வோல்டேஜ் கிட்டத்தட்ட ஒரே மட்டத்தில் நிற்கும். பாதி சார்ஜில் விட்டாலும் கெடாது, மூன்று மணி நேரத்திலேயே நிறைக்க முடியும், நடுவில் பிடுங்கலாம், தண்ணீர் பேச்சே இல்லை. தினமும் ஒழுங்காகச் சார்ஜ் போட ஆள் இல்லாத இடத்தில் லித்தியத்தின் உண்மையான பலம் இதுதான். கவனக்குறைவை அது மன்னிக்கும், ஈயம் மன்னிக்காது.

இனி வாங்கும்போது ஏமாறக்கூடிய இடங்கள். லித்தியம் பெட்டிக்குள் பி.எம்.எஸ் என்ற காவல் சர்க்யூட் ஒன்று இருக்கும். செல்கள் அளவுக்கு மேல் ஏறினாலும் இறங்கினாலும் சூடானாலும் அது இணைப்பைத் துண்டித்துவிடும். அந்த பி.எம்.எஸ் எத்தனை ஆம்பியர் தாங்கும் என்பதுதான் ஆம்பியர்-மணியைவிட முக்கியமான எண். உங்கள் கன்ட்ரோலர் 400 ஆம்பியர் வரை இழுக்கக்கூடியது, பி.எம்.எஸ் 100 ஆம்பியர்தான் தாங்கும் என்றால் ஏற்றத்தின் நடுவில் வண்டி நின்றுவிடும். தொடர்ந்து எத்தனை ஆம்பியர், உச்சத்தில் எத்தனை, அந்த உச்சத்தை எத்தனை நொடி தாங்கும் என்று மூன்று எண்களையும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். விலை மலிவாக இருக்கும் பெட்டிகளில் பெரும்பாலும் குறை இங்கேதான் இருக்கும்.

அடுத்தது, பழைய ஈய பேட்டரியின் அதே அளவுப் பெட்டியில் வரும் 8 அல்லது 12 வோல்ட் லித்தியம். அதே இடத்தில் அதே கேபிளோடு மாட்டிவிடலாம் என்பதால் ஆசையாக இருக்கும். ஆனால் தொடரிணைப்பில் ஒவ்வொன்றுக்கும் தனி பி.எம்.எஸ். ஒன்று மற்றதைப் பார்த்துச் சமன்செய்துகொள்ளாது. ஏதாவது ஒன்று துண்டித்தால் மொத்த வண்டியும் நிற்கும். 48 வோல்ட் முழுதும் ஒரே பெட்டியில் வருவதே நல்லது. தூரம் போதாவிட்டால் அதே மாதிரி இன்னொரு 48 வோல்ட் பெட்டியைத் தயாரிப்பாளர் அனுமதிக்கும் முறையில் இணையாகச் சேர்க்கலாம். அப்போது தாங்கும் ஆம்பியரும் கூடும்.

சார்ஜரைக் கட்டாயம் மாற்ற வேண்டும். 16 செல் தொகுப்பின் உச்ச வோல்டேஜ் 58.4. ஈயத்துக்கான பழைய சார்ஜர் வேறு கணக்கில் ஓடுவது, சமன்படுத்தும் கட்டத்தில் இதைத் தாண்டிவிடவும் கூடும். அளவுக்காட்டியும் மாற வேண்டும். பழையது வோல்டேஜை வைத்துக் கணிப்பது. லித்தியத்தில் வோல்டேஜ் மட்டமாக நிற்பதால் நிறைந்திருக்கிறது என்று காட்டிக்கொண்டே இருந்து கடைசியில் திடீரென்று விழும். பெட்டியோடு வரும் காட்டி அல்லது போனில் பார்க்கும் வசதி இருக்கிறதா என்று கேளுங்கள். கிளப் கார் என்ற கம்பெனியின் பழைய 48 வோல்ட் வண்டிகள் பலவற்றில் சார்ஜரைக் கட்டுப்படுத்தும் கணினி ஒன்று வண்டிக்குள்ளேயே இருக்கும். லித்தியம் போடும்போது அதைத் தாண்டி வயரிங் செய்ய வேண்டியிருக்கும். பேட்டரி விலையோடு இவற்றையெல்லாம் கூட்டிப் பார்த்தால்தான் உண்மையான செலவு தெரியும்.

மோட்டாரே பிரேக்காக மாறி மின்சாரத்தைத் திருப்பி அனுப்பும் வண்டிகளில் இன்னொரு விஷயத்தையும் கவனிக்க வேண்டும். வண்டி நிறுத்துமிடம் மேட்டில் இருந்து, முழு சார்ஜோடு நேரே இறக்கத்தில் கிளம்பினால், திரும்பி வரும் மின்னோட்டத்துக்குப் பேட்டரியில் இடம் இருக்காது. பி.எம்.எஸ் துண்டித்தால் இறக்கத்தில் மோட்டார் பிரேக் போய்விடும். இப்படிப்பட்ட இடத்தில் இருப்பவர்கள் விற்பவரிடம் இதை நேரடியாகக் கேட்டு, முழுதாக நிறைப்பதற்குச் சற்று முன்பே நிறுத்தும் சார்ஜர் அமைப்பைப் போட்டுக்கொள்ள வேண்டும்.

குளிரிலும் கவனம் தேவை. உறைநிலைக்குக் கீழே, அதாவது 0 டிகிரிக்குக் கீழே, லித்தியத்தைச் சார்ஜ் செய்தால் செல்லுக்குள் உலோக லித்தியம் படிந்து நிரந்தரமாகக் கெடும். நல்ல பி.எம்.எஸ் அந்த நேரத்தில் சார்ஜை மறுத்துவிடும், சில பெட்டிகளில் சூடாக்கும் அமைப்பும் உண்டு. ஈயத்துக்கும் குளிர் சேராது என்றாலும் அது வேறு மாதிரி. முழு சார்ஜில் இருந்தால் கடுங்குளிரைத் தாங்கும், இறங்கிக் கிடந்தால் உள்ளே உறைந்து பெட்டியே விரிசல் விடும்.

யாருக்கு எது?

தொகுப்பின் மொத்த விலையை, அது உங்கள் கையில் உண்மையில் எத்தனை சுற்று சார்ஜ் ஓடப்போகிறது என்பதால் வகுத்துப் பார்க்க வேண்டும். விளம்பரத்தில் உள்ள சுற்றுகளை எடுத்துக்கொள்ளக் கூடாது. தண்ணீர் வகை, பாதி வரை இறக்கினால், 500 முதல் 1,000 சுற்று. லித்தியம் 80 சதவீதம் இறக்கினாலும் 2,000-க்கு மேல், நல்லவை இன்னும் அதிகம்.

வருடத்தில் 300 நாள் ஓடும் வண்டிக்குப் பத்து வருடத்தில் 3,000 சுற்று. ஈயத்தில் அதற்கு மூன்று முதல் ஆறு தொகுப்பு வாங்க வேண்டியிருக்கும், மாற்றும் கூலியும் வண்டி நிற்கும் நாட்களும் தனி. இங்கே லித்தியம்தான், எனக்கு இதில் சந்தேகமே இல்லை. பல வண்டிகளை வைத்து வாடகைக்கு விடுபவர்கள், விடுதி, பெரிய வளாகம் என்று ஆளாளுக்கு ஓட்டும் இடங்களும் இதில் சேரும். அங்கே யாரும் தண்ணீர் பார்க்கப் போவதில்லை.

வாரம் ஒருமுறை ஓடும் வண்டிக்குக் கணக்கு வேறு. வருடத்துக்கு 52 சுற்று, பத்து வருடத்தில் 520. லித்தியத்தின் ஆயிரக்கணக்கான சுற்றுகளை அவர் தொடவே மாட்டார். அவருக்குப் பேட்டரி போவது வயதாலும் கவனக்குறைவாலும்தான். தண்ணீர் பார்ப்பதில் அலுப்பில்லாதவர், வண்டி நிற்கும் இடத்தில் எப்போதும் சார்ஜரை மாட்டி வைக்கக்கூடியவர் என்றால் ஆறு 8 வோல்ட் ஈய பேட்டரியே அவருக்குச் சிக்கனமான முடிவு. இன்னும் மூன்று நான்கு வருடத்தில் வண்டியையே விற்கப்போகிறவருக்கும் இதுதான்.

சில மாதம் ஓட்டி, மீதி மாதங்கள் பூட்டி வைப்பவர்கள்தான் தவறான முடிவால் அதிகம் இழக்கிறார்கள். ஈயத்தை மாதக்கணக்கில் கவனிக்காமல் விட்டால் திரும்பி வரும்போது செத்திருக்கும். நடுநடுவே யாராவது சார்ஜ் போட வேண்டும். லித்தியத்தைப் பாதி சார்ஜில் வைத்து, இணைப்பைத் துண்டித்துவிட்டுப் போகலாம். ஆகவே குறைவாக ஓடினாலும் இவர்களுக்கு லித்தியம் பொருந்தும். ஏற்றம் நிறைந்த இடங்களில் எடை குறைவதே பெரிய லாபம் என்பதால் அங்கேயும் லித்தியம், ஆனால் பி.எம்.எஸ் ஆம்பியர் தாராளமாக உள்ளதாக இருக்க வேண்டும்.

பழைய பேட்டரியைப் பிரித்துச் சரிசெய்தது என்று மலிவாக விற்கும் ஈய பேட்டரிகளையும், மின்சாரக் கார்களிலிருந்து எடுத்த செல்களையும் நான் இந்த ஒப்பீட்டில் சேர்க்கவே இல்லை. முதலாவதற்கு எவ்வளவு ஆயுள் மிச்சம் என்று யாராலும் சொல்ல முடியாது. இரண்டாவது, மின்சாரம் நன்கு தெரிந்தவர் தானே பொறுப்பேற்றுச் செய்ய வேண்டிய வேலை.

வாங்கும்போதும் மாட்டும்போதும்

ஈய பேட்டரி என்றால் தயாரிப்புத் தேதியைப் பார்த்து வாங்குங்கள். பல கம்பெனிகள் மாதத்துக்கு ஏ முதல் எல் வரை ஓர் எழுத்தும் வருடத்துக்கு ஓர் எண்ணும் பொறிப்பார்கள். சார்ஜ் போடாமல் மூன்று மாதத்துக்கு மேல் கிடங்கில் இருந்தது வேண்டாம். லித்தியம் என்றால் உத்தரவாதத்தை வரிவரியாகப் படியுங்கள். எத்தனை வருடம் என்பதோடு, எத்தனை சதவீதம் கொள்ளளவு குறைந்தால் மாற்றித் தருவார்கள் என்றும், அவர்கள் சார்ஜர் அல்லாமல் வேறு போட்டால் உத்தரவாதம் போய்விடுமா என்றும் பாருங்கள்.

கழற்றுமுன் இணைப்புகளைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள். ஓட்டு (Run), இழு (Tow) என்ற சுவிட்ச் இருந்தால் இழு நிலைக்கு மாற்றுங்கள். மோதிரம், கைக்கடிகாரத்தைக் கழற்றிவிட்டு, கைப்பிடியில் காப்பு சுற்றிய ஸ்பேனரைப் பயன்படுத்துங்கள். உப்புப் பூத்த கேபிள்களைப் பேட்டரியோடு சேர்த்து மாற்றிவிடுவது நல்லது. மாட்டும்போது கேபிளின் முனை டெர்மினலின் ஈயத்தைத் தொட்டு உட்கார வேண்டும், வாஷர் அதற்கு மேல்தான். வாஷரை நடுவில் வைத்தால் அந்த இடம் சூடாகி டெர்மினலே உருகும். லித்தியம் சிறியதாக இருப்பதால் தட்டில் ஆடும். அதற்கான தாங்கியோடு இறுக்கிக் கட்டாமல் ஓட்டக் கூடாது.

விளக்கு, ஹாரன் ஆகியவற்றுக்கு ஓரிரு பேட்டரியிலிருந்து மட்டும் 12 வோல்ட் எடுத்து வயர் போட்டிருந்தால், இந்தச் சமயத்திலேயே அதை மாற்றிவிடுங்கள். அந்தப் பேட்டரிகள் மட்டும் கூடுதலாக இறங்கி, மற்றவற்றுக்கு முன்பே சாகும். 48-ஐ 12 ஆக்கும் கன்வெர்ட்டரைப் போட்டு மொத்தத் தொகுப்பிலிருந்தும் எடுக்க வேண்டும்.

புது ஈய பேட்டரி முதல் நாளே முழு பலத்தைத் தராது. 50 முதல் 100 சுற்று ஓடிய பிறகுதான் சொன்ன அளவுக்கு வரும். அதுவரை தூரத்தை மட்டாக வைத்துக்கொண்டு, ஒவ்வொரு முறையும் முழு சார்ஜ் போடுங்கள். முதல் மாதத்தில் தூரம் குறைவாக இருக்கிறதே என்று கடைக்காரரிடம் சண்டைக்குப் போக வேண்டியதில்லை. மூன்று மாதம் கழித்தும் அதே நிலை என்றால் ஹைட்ரோமீட்டர் அளவுகளை எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.